மண்ணறிந்து உலை வகுத்தவர்

ஒரு நாட்டின் அறிவியல் வளர்ச்சி ஆய்வுக்கூடத்தில் மட்டும் தொடங்குவதில்லை. தன் மண்ணில் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்று அறிந்து, அதற்கேற்பத் திட்டமிடும் தெளிவிலும் அது தொடங்குகிறது. பிறநாடுகள் வகுத்த அணு உலையை அப்படியே வாங்கி நிறுவுவது எளிய வழியாக இருந்த காலத்தில், இந்திய மண்ணின் வளத்துக்கு ஏற்ற உலைகள் எவை என்று சிந்தித்தவர் ஹோமி ஜெஹாங்கீர் பாபா. அவருடைய வாழ்க்கையை அறிவதன் வாயிலாக, அணு உலைகள் இயங்கும் முறையையும் அவை ஒன்றினின்று ஒன்று வேறுபடும் காரணத்தையும் அறிந்துகொள்ளலாம்.

இளமையும் கல்வியும்

பாபா 1909ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் பம்பாயில் பார்சிக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். தந்தை ஜெஹாங்கீர் ஹோர்முஸ்ஜி பாபா வழக்கறிஞர். அத்தை மெஹர்பாய், தொழிலதிபர் தொராப்ஜி டாடாவின் துணைவியார். நூல்களும் இசைத்தட்டுகளும் ஓவியங்களும் நிறைந்த இல்லத்தில் பாபா வளர்ந்தார். கணக்கில் இருந்த அதே ஈடுபாடு தூரிகையிலும் மேலை இசையிலும் அவருக்கு இருந்தது. இவ்விரண்டு ஈடுபாடுகளும் இறுதிவரை அவரைவிட்டு நீங்கவில்லை.

பள்ளிக் கல்வியைப் பம்பாயில் முடித்து, எல்பின்ஸ்டன் கல்லூரியிலும் ராயல் அறிவியல் நிறுவனத்திலும் பயின்ற அவர், 1927இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். மகன் பொறியியல் கற்றுத் திரும்பி ஜாம்ஷெட்பூர் எஃகு ஆலையில் பணியாற்ற வேண்டும் என்பது குடும்பத்தாரின் விருப்பம். மகனின் மனமோ இயற்பியலை நாடியது. பொறியியலில் முதல் வகுப்பில் தேறினால் மேலும் தங்கிக் கணிதமும் இயற்பியலும் படிக்கலாம் என்று தந்தை இசைந்தார். 1930இல் பாபா முதல் வகுப்பில் தேறினார். பிடிவாதத்தால் அன்றி உழைப்பால் தம் விருப்பத்தை நிறைவேற்றிக்கொண்டார்.

பால் டிராக் போன்ற பேரறிஞர்கள் பணியாற்றிய அப்பல்கலைக்கழகத்தில் பாபாவின் ஆய்வு தழைத்தது. எலக்ட்ரானும் பாசிட்ரானும் மோதிச் சிதறும் முறையை அவர் கணக்கிட்டுக் காட்டினார். இன்றும் அது பாபா சிதறல் என்றே வழங்கப்படுகிறது. விண்ணிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்கள் வளிமண்டலத்தில் துகள் மழையாகப் பெருகுவது எவ்வாறு என்பதை 1937இல் வால்டர் ஹைட்லருடன் இணைந்து விளக்கினார். முப்பது வயதை எட்டுமுன்பே உலக இயற்பியலார் அறிந்த பெயராக அவர் பெயர் விளங்கியது.

போர் மாற்றிய பாதை

1939இல் விடுமுறைக்காகப் பாபா தாயகம் வந்திருந்தபோது இரண்டாம் உலகப்போர் மூண்டது. கேம்பிரிட்ஜுக்குத் திரும்பும் வழி அடைபட்டது. அப்போது சர் சி. வி. இராமன் இயற்பியல் துறைக்குத் தலைமை ஏற்றிருந்த பெங்களூரு இந்திய அறிவியல் நிறுவனத்தில் அவர் சேர்ந்தார். அங்கே காஸ்மிக் கதிர் ஆய்வுக்கென ஒரு பிரிவை உருவாக்கினார். 1941இல் இலண்டன் ராயல் கழகம் அவரைத் தன் உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது.

போர் முடிந்ததும் மேலைநாடு திரும்ப வேண்டும் என்று முதலில் எண்ணியிருந்தவரின் உள்ளம் பெங்களூரில் மாறியது. தகுதியுடையோர் தம் நாட்டிலேயே தங்கி, உலகத் தரமுள்ள நிறுவனங்களைக் கட்டியெழுப்புவது கடமை என்று உணர்ந்தார். 1944ஆம் ஆண்டு மார்ச் மாதம் தொராப்ஜி டாடா அறக்கட்டளைக்கு அவர் ஒரு மடல் எழுதினார். அணுவிலிருந்து மின்சாரம் பெறும் காலம் வரும்போது இந்தியா வல்லுநர்களைத் தேடி வெளிநாடு செல்லாமல், தன் வீட்டிலேயே அவர்களைக் காணவேண்டும் என்பது அம்மடலின் உட்கருத்து. ஹிரோஷிமாவில் அணுகுண்டு வீழ்வதற்கு ஓராண்டுக்கும் முன்பு எழுதப்பட்டது அம்மடல் என்பதை எண்ணும்போது அவருடைய தொலைநோக்கு புலப்படும். அதன் பயனாக 1945இல் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் தோன்றியது.

விடுதலை பெற்ற மறு ஆண்டே, 1948 ஆகஸ்டில், இந்திய அணு ஆற்றல் ஆணையம் அமைக்கப்பட்டது. பாபா அதன் தலைவரானார். அவருடன் உறுப்பினர்களாக அமர்ந்த இருவர் சாந்தி ஸ்வரூப் பட்நாகரும் கே. எஸ். கிருஷ்ணனும் ஆவர். இவர்களுள் கிருஷ்ணன், தமிழகத்தின் வத்திராயிருப்பில் பிறந்து, இராமனுடன் ஆய்வு செய்து புகழ்பெற்ற இயற்பியலறிஞர். 1954இல் பம்பாயை அடுத்த டிராம்பேயில் அணு ஆற்றல் ஆய்வகமும் தொடங்கப்பெற்றது.

உலையின் உள்ளே

பாபாவின் திட்டத்தை அறிய, அணு உலை எவ்வாறு இயங்குகிறது என்பதை முதலில் அறிதல் வேண்டும். யுரேனியம் 235 என்னும் அணுவின் கருவில் ஒரு நியூட்ரான் மோதினால் அக்கரு இரண்டாகப் பிளவுறும். அப்போது வெப்பம் வெளிப்படும். இரண்டு அல்லது மூன்று புதிய நியூட்ரான்களும் வெளிவரும். அவை மேலும் பல கருக்களைப் பிளக்கும். இதுவே தொடர்வினை. கட்டுப்பாடின்றிப் பெருகினால் அது அணுகுண்டு. ஒவ்வொரு பிளவும் மேலும் ஒரே ஒரு பிளவுக்கு மட்டும் காரணமாகுமாறு அளந்து நிறுத்தினால் அது அணு உலை.

உலையில் நான்கு பொருள்கள் இன்றியமையாதவை. பிளவுறுவது எரிபொருள். வேகமாகப் பாயும் நியூட்ரானைத் தளர்த்தி, கருவைப் பிளக்க ஏற்றதாக ஆக்குவது தணிப்பான். மிகையான நியூட்ரான்களை உறிஞ்சி வினையை அடக்குபவை கட்டுப்படுத்தும் கழிகள். வெப்பத்தை ஏந்திச் செல்வது குளிர்விப்பான். அந்த வெப்பத்தால் நீர் ஆவியாகிச் சுழலியைச் சுழற்ற, மின்சாரம் பிறக்கிறது. அனல்மின் நிலையத்தில் நிலக்கரி செய்யும் பணியை இங்கே அணுக்கரு செய்கிறது.

உலைகள் பலவகைப்படுவதற்கு இந்நான்கையும் தேர்ந்தெடுக்கும் முறையே காரணம். இயற்கை யுரேனியத்தில் ஆயிரம் அணுக்களுக்கு ஏறத்தாழ ஏழு மட்டுமே பிளவுறும் யுரேனியம் 235. எஞ்சியவை எளிதில் பிளவுறாத யுரேனியம் 238. சாதாரண நீர் நல்ல தணிப்பான். ஆயினும் அது நியூட்ரான்களில் ஒரு பங்கைத் தானே விழுங்கிவிடும். ஆகவே அதைப் பயன்படுத்தும் உலைக்குச் செறிவூட்டப்பட்ட யுரேனியம் வேண்டும். செறிவூட்டும் தொழில்நுட்பம் அக்காலத்தில் மிகச் சில வல்லரசுகளிடமே இருந்தது. கனநீரோ நியூட்ரான்களை மிகக் குறைவாகவே விழுங்கும். அதைக் கொண்டு இயற்கை யுரேனியத்தை அப்படியே எரிக்கலாம். ஆனால் இயற்கை நீரில் ஏறத்தாழ 6,500 ஹைட்ரஜன் அணுக்களுக்கு ஒன்றே கன ஹைட்ரஜன். அதைப் பிரித்தெடுத்தல் பெருஞ்செலவுடைய பணி. எரிபொருளுக்குப் பிறரைச் சார்ந்திருப்பதா, கனநீருக்கு நாமே உழைப்பதா என்னும் வினா பாபாவின் முன் நின்றது.

தென்கோடி மணலும் மூன்று படிகளும்

இந்தியாவில் யுரேனியம் குறைவு, தோரியம் மிகுதி. தென்கோடியில் மணவாளக்குறிச்சி முதலிய கடற்கரைகளிலும் கேரளக் கரையிலும் கருமணலோடு கலந்து கிடக்கும் மோனசைட்டில் தோரியம் உள்ளது. பாபா பிறந்த அதே 1909ஆம் ஆண்டில்தான் ஜெர்மானிய வேதியியலர் ஷோம்பெர்க் இக்கரை மணலில் மோனசைட்டை இனங்கண்டார். அன்று தோரியம் எரிவாயு விளக்கின் வலைத்திரி செய்வதற்காகக் கப்பலேறிச் சென்றது. அந்த மணலில் நாளைய மின்சாரத்தைக் கண்டவர் பாபா.

ஆனால் தோரியம் தானே பிளவுறுவதில்லை. அது ஒரு நியூட்ரானை ஏற்றபின், சில மாற்றங்களுக்கு உட்பட்டு, பிளவுறும் யுரேனியம் 233 ஆகிறது. ஈர விறகு போன்றது தோரியம். அதை எரியச் செய்ய வேறொரு நெருப்பு முதலில் வேண்டும். அந்நெருப்பை உண்டாக்கும் வழியையே பாபா 1954இல் மூன்று படிகளாக வகுத்துரைத்தார்.

முதற்படியில், இயற்கை யுரேனியத்தைக் கனநீர் உலைகளில் எரித்து மின்சாரம் பெறுதல். அப்போது யுரேனியம் 238இல் ஒரு பகுதி புளூட்டோனியமாக மாறும். இரண்டாம் படியில், அப்புளூட்டோனியத்தை ஈனுலைகளில் இட்டு எரித்தல். இவ்வுலைகளில் தணிப்பான் இல்லை. வேகம் குறையாத நியூட்ரான்கள் எரிபொருளைப் பிளப்பதோடு, சுற்றிலும் வைக்கப்பட்ட யுரேனியம் 238ஐப் புதிய புளூட்டோனியமாகவும், தோரியத்தை யுரேனியம் 233 ஆகவும் மாற்றும். எரித்ததைவிட மிகுதியாக எரிபொருளை ஈனுவதால் ஈனுலை என்று பெயர் பெற்றது. மூன்றாம் படியில், யுரேனியம் 233ஐயும் தோரியத்தையும் கொண்டே உலைகளை இயக்குதல். ஒரு படியின் சாம்பல் அடுத்த படியின் விறகாகிறது.

நீல ஒளியும் நீண்ட உழைப்பும்

1955 ஆகஸ்டில் ஜெனீவாவில் ஐக்கிய நாடுகள் அவை, அணு ஆற்றலின் ஆக்கப் பயன்களுக்கான முதல் மாநாட்டைக் கூட்டியது. அதற்குத் தலைமை ஏற்றவர் பாபா. மறு ஆண்டு ஆகஸ்ட் 4ஆம் நாள், டிராம்பேயில் ஆசியாவின் தொடக்க கால உலைகளுள் ஒன்றான அப்சரா இயங்கத் தொடங்கியது. இந்தியப் பொறியாளர்களே வடிவமைத்துக் கட்டிய அது, நீர்த் தொட்டிக்குள் எரிபொருள் மூழ்கியிருக்கும் ஆய்வு உலை. எரிபொருள் மட்டும் பிரிட்டனிலிருந்து வந்தது. நீருக்குள் ஒளிரும் அதன் நீல ஒளியழகை நோக்கிப் பிரதமர் நேரு அப்பெயரைச் சூட்டினார்.

1960இல் கனடாவின் உதவியுடன், இயற்கை யுரேனியமும் கனநீரும் கொண்ட சைரஸ் என்னும் ஆய்வு உலை இயங்கத் தொடங்கியது. அதன் எரிபொருளின் ஒரு பகுதியை டிராம்பேயிலேயே செய்யவேண்டும் என்பதில் பாபா உறுதியாக நின்றார், செய்தும் காட்டினார். எரிந்த எரிபொருளிலிருந்து புளூட்டோனியத்தைப் பிரிக்கும் ஆலையும் 1964இல் டிராம்பேயில் உருவாயிற்று. கருவிகளைவிட மனிதர்களே முதன்மை என்று கருதிய பாபா, 1957இல் அங்கே பயிற்சிப் பள்ளி ஒன்றைத் தொடங்கினார். ஆண்டுதோறும் இளம் பட்டதாரிகள் அங்கே பயின்று அணு ஆற்றல் துறையில் சேர்ந்தனர்.

முதல் அணுமின் நிலையத்தைப் பொறுத்தவரை பாபா தம் திட்டத்தினின்று சற்று விலகினார். மகாராட்டிரத்தின் தாராப்பூரில் அமெரிக்க நிறுவனம் கட்டித்தரும் இரண்டு கொதிநீர் உலைகளைத் தேர்ந்தெடுத்தார். இந்திய மண்ணில் அணுமின்சாரம் இயலும் என்பதை விரைவில் மெய்ப்பிக்க அவ்வழி உதவியது. 1969இல் அவை மின்சாரம் வழங்கத் தொடங்கின. அதே காலத்தில், கனநீர் உலைகளை ராஜஸ்தானில் அமைக்கக் கனடாவுடன் உடன்பாடு செய்தார். பின்னாளில் தாராப்பூருக்கான செறிவூட்டிய எரிபொருள் தடைபட்டு நாடு இடர்ப்பட்டபோது, தம் திட்டத்தில் அவர் ஏன் கனநீர் உலைக்கு முதலிடம் தந்தார் என்பது எல்லோருக்கும் விளங்கியது.

தெரிந்து தெளிவோம்

கொதிநீர் உலை: செறிவூட்டிய யுரேனியம், சாதாரண நீர். உலைக்கலத்திலேயே நீர் கொதித்து, அந்த ஆவி நேரே சுழலிக்குச் செல்லும். சான்று: தாராப்பூரின் முதலிரு உலைகள்.

அழுத்தநீர் உலை: செறிவூட்டிய யுரேனியம், மிகு அழுத்தத்தால் கொதிக்காமல் நிறுத்தப்பட்ட சாதாரண நீர். அதன் வெப்பம் வேறொரு சுற்றிலுள்ள நீரை ஆவியாக்கும். எரிபொருளை மாற்ற உலையை நிறுத்தவேண்டும். சான்று: கூடங்குளம்.

அழுத்தக் கனநீர் உலை: இயற்கை யுரேனியம்; கனநீர். ஒரே பெருங்கலத்துக்கு மாற்றாகப் பல அழுத்தக் குழாய்கள். உலை இயங்கும்போதே எரிபொருளை மாற்றலாம். சான்று: கல்பாக்கம்.

வேக ஈனுலை: புளூட்டோனியம் கலந்த எரிபொருள், தணிப்பான் இல்லை, நீர்மச் சோடியம் குளிர்விப்பான். சான்று: கல்பாக்கம் சோதனை ஈனுலை.

கலைஞரின் கண்

பாபா உலைகளோடு மட்டும் வாழ்ந்தவர் அல்லர். அறிஞர் பலரின் முகங்களை அவர் கோட்டோவியமாகத் தீட்டினார். தாம் எழுப்பிய நிறுவனங்களில் ஓவியங்களைத் திரட்டி வைத்தார். கொலாபாவிலுள்ள டாடா நிறுவனச் சுவரை ஓவியர் எம். எஃப். ஹுசைனின் பெரிய ஓவியம் அணிசெய்கிறது. கட்டடம் எழுப்ப மரத்தை வெட்டவேண்டி வந்தால், அதனை வேரோடு பெயர்த்து வேறிடத்தில் நடச் செய்தார்.

திடீர் மறைவு

1966 ஜனவரி 24ஆம் நாள், வியன்னாவில் நடைபெறவிருந்த பன்னாட்டு அணு ஆற்றல் முகமையின் கூட்டத்துக்காகப் பாபா சென்ற கஞ்சன்ஜங்கா என்னும் ஏர் இந்தியா விமானம், ஆல்ப்ஸ் மலைத்தொடரின் மோன் பிளாங்கில் மோதி நொறுங்கியது. அதிலிருந்த 117 பேரும் உயிரிழந்தனர். அப்போது பாபாவுக்கு வயது 56. இந்தியாவில் ஓர் அணுமின் நிலையமேனும் மின்சாரம் வழங்குவதைக் காணும் வாய்ப்பு அவருக்குக் கிட்டவில்லை. மறு ஆண்டு டிராம்பே ஆய்வகத்துக்குப் பாபா அணு ஆராய்ச்சி மையம் எனப் பெயர் சூட்டப்பட்டது.

கல்பாக்கத்தில் தொடர்ந்த கனவு

பாபா வகுத்த மூன்று படிகளின் அடையாளங்களையும் ஒருசேரக் காணத்தக்க இடம் தமிழகத்துக் கல்பாக்கம். புதுச்சேரிக்குத் தெற்கே பாகூர் கொம்யூனைச் சேர்ந்த பனித்திட்டு முதலிய மீனவ ஊர்களின் கரையைத் தழுவும் வங்கக் கடலே, வடக்கே கல்பாக்கத்தில் அணுமின் நிலையத்துக்குக் குளிர்நீர் தருகிறது. 1974இல் இந்தியா அணுவெடிப்புச் சோதனை நடத்தியது. அதற்கான புளூட்டோனியம் சைரஸ் உலையில் உண்டானது. ஆக்கப் பணிக்கென உதவிய கனடா சினந்து விலகியது. ஆகவே கல்பாக்கத்தின் கனநீர் உலைகளை நம்மவர் தம் முயற்சியிலேயே கட்டி முடித்தனர். முதல் உலையில் 1983இலும் இரண்டாம் உலையில் 1985இலும் தொடர்வினை நிலைபெற்றது.

இரண்டாம் படிக்கான சோதனை ஈனுலை, பிரான்சின் ஒத்துழைப்புடன் திட்டமிடப்பெற்றது. எதிர்பார்த்த செறிவூட்டிய யுரேனியம் வந்து சேரவில்லை. அறிவியலார் மனந்தளரவில்லை. புளூட்டோனியமும் யுரேனியமும் கலந்த கார்பைடு எரிபொருளைத் தாமே உருவாக்கி, 1985 அக்டோபரில் உலையை இயக்கினர். அதன் குளிர்விப்பான் நீர்மச் சோடியம். நீர் நியூட்ரானின் வேகத்தைக் குறைத்துவிடும். சோடியம் அவ்வளவாகக் குறைப்பதில்லை. 98 பாகை செல்சியசில் உருகி, 883 பாகையில் கொதிப்பதால் அழுத்தம் தராமலே அது வெப்பத்தை ஏந்தும். ஆயினும் காற்றும் நீரும் பட்டால் தீப்பற்றக்கூடியது. ஈனுலைப் பணி கடினமாவதற்கும் காலம் நீள்வதற்கும் இது ஒரு காரணம். 1996இல் யுரேனியம் 233ஐ எரிபொருளாகக் கொண்ட காமினி என்னும் சிற்றுலையும் அங்கே இயங்கத் தொடங்கியது. 500 மெகாவாட் திறனுள்ள முன்மாதிரி ஈனுலையும் அதே வளாகத்தில் கட்டப்பட்டுள்ளது.

பாதுகாப்பு என்னும் கடமை

அணு உலையை நிறுத்தினாலும் அதன் வெப்பம் உடனே தணிவதில்லை. பிளவில் உண்டான பொருள்கள் கதிரியக்கத்தால் தொடர்ந்து வெப்பம் உமிழும். ஆதலால் நிறுத்திய உலைக்கும் குளிர்நீர் வேண்டும். 2004 டிசம்பர் 26 அன்று புதுவைக் கடற்கரையின் மீனவ ஊர்களைத் தாக்கிய அதே ஆழிப்பேரலை கல்பாக்கத்தையும் தாக்கியது. குடியிருப்பில் பலர் உயிரிழந்தனர். கடல்நீர் எக்கும் நிலையத்துக்குள் நீர் புகுந்தது. அப்போது இயங்கிக்கொண்டிருந்த ஓர் உலை பாதுகாப்பாக நிறுத்தப்பட்டது. 2011இல் ஜப்பானின் ஃபுகுஷிமாவில் ஆழிப்பேரலை மாற்று மின்வழங்கலையும் அழித்ததால், நிறுத்தப்பட்ட உலைகளே குளிர்ச்சியின்றி உருகின. அதன்பின் கூடங்குளத்தை அடுத்த இடிந்தகரை மக்கள் அச்சம் கொண்டு நெடுநாள் போராடினர்.

இத்தகைய அனுபவங்கள் புதிய உலைகளின் வடிவமைப்பில் இடம்பெறுகின்றன. மின்சாரம் முற்றிலும் நின்றுபோனாலும் காற்றின் இயல்பான ஓட்டத்தால் வெப்பத்தை நீக்கும் அமைப்பும், எரிபொருள் உருகினால் அதை ஏந்தி அடக்கும் கலமும் கூடங்குளம் உலைகளில் உள்ளன. எனினும், கதிரியக்கக் கழிவை நெடுங்காலம் காக்கும் பொறுப்பு எல்லா வகை உலைக்கும் பொதுவானது. உலையின் அருகே வாழும் மக்களுக்கு உண்மையை உரைத்து அவர்தம் நம்பிக்கையைப் பெறுவதும் வடிவமைப்பைப் போலவே இன்றியமையாதது.

விட்டுச்சென்ற வினா

பாபா எதிர்பார்த்த வேகத்தில் அணுமின்சாரம் வளரவில்லை. இன்றும் நாட்டின் மின்னாக்கத்தில் அதன் பங்கு ஏறத்தாழ நூற்றுக்கு மூன்றே. தோரியத்தை முழுமையாகப் பயன்கொள்ளும் மூன்றாம் படி இன்னும் எட்டப்படவில்லை. ஆயினும், பிறர் தந்தால் மட்டும் இயங்கும் உலை ஒரு நாட்டுக்குப் போதாது என்பதை அவர் காட்டிச் சென்றார். எரிபொருள் தடைபட்ட காலத்தில் புதிய எரிபொருளை ஆக்கியவர்களும், துணை விலகிய காலத்தில் உலையைக் கட்டி முடித்தவர்களும் அவர் அமைத்த நிறுவனங்களில் உருவானவர்களே. மணவாளக்குறிச்சி மணலில் தோரியம் இன்னும் காத்திருக்கிறது. அதைப் பாதுகாப்போடும் மக்களின் இசைவோடும் ஒளியாக்க இயலுமா என்னும் வினாவுக்கு விடை காணும் பொறுப்பு இளைய தலைமுறையினருடையது.

கற்பவை கற்றபின்

1. இயற்கை யுரேனியத்தை எரிபொருளாகக் கொள்ளும் உலைக்குக் கனநீர் ஏன் தேவைப்படுகிறது என்பதை வகுப்பில் விளக்குக.

2. கல்பாக்கம், கூடங்குளம் ஆகிய இடங்களிலுள்ள உலைகளின் எரிபொருள், தணிப்பான், குளிர்விப்பான் ஆகியவற்றை ஒப்பிட்டு அட்டவணை அமைக்க.

3. ஆற்றல் தேவையும் கடற்கரை மக்களின் பாதுகாப்பும் என்னும் தலைப்பில் கலந்துரையாடல் நிகழ்த்துக.